ஈடும் விலையும்

சென்ற இதழில் நண்பர் ஒருவரின் கவிதை வந்திருந்தது. கடலில் செத்தவனின் வீட்டு வாசலில் அமைச்சர் காசோலையோடு நிற்கிறார். காசோலையில் எழுதியிருக்கும் தொகையைக் கவிஞர் கசப்போடு வாசிக்கிறார். உயிருக்கு விலை போடுகிறார்களே என்ற ஆவேசத்தோடு கவிதை முடிகிறது. நன்றாகவே இருந்தது. இரண்டாவது முறை படித்தபோது எனக்கு எரிச்சல் வந்தது. அமைச்சர் இருக்கிறார், காசோலை இருக்கிறது, கவிஞரின் ஆவேசம் இருக்கிறது. அந்தக் காசோலையை எடுத்துக்கொண்டு பாங்க் கவுண்டருக்கு வருகிற பெண் மட்டும் இல்லை. அவளைச் சேர்த்திருந்தால் கவிதை அந்த இடத்தில் முடிந்திருக்காது.

நம் சிறிய வட்டத்தில் பணத்தைப் பற்றி எழுதுவது கொஞ்சம் கௌரவக் குறைவான காரியமாகவே இருந்துவருகிறது. நம்மில் பெரும்பாலோர் மாதச் சம்பளக்காரர்கள். பள்ளிக்கூடம், தபால் ஆபீஸ், மின்வாரியம், என்னைப்போல பாங்க். பணத்தை அருவருக்கிற சௌகரியம் முதல் தேதி சம்பளம் வருகிறவனுக்குத்தான் உண்டு. விலையுள்ள பொருளுக்கு இன்னொன்றை மாற்றாக வைக்கலாம், மாற்றே வைக்க முடியாததற்கு விலை கிடையாது, மதிப்புதான் உண்டு என்று காண்ட் பிரித்துச் சொன்னது சரிதான். நண்பரின் கவிதையும் அங்கேதான் நிற்கிறது. ஆனால் மதிப்பை மட்டும் வைத்துக்கொண்டு நவம்பர் மாதத்தை ஓட்ட முடியாது என்பது காண்ட்டுக்குத் தெரியாமல் இருந்திருக்க நியாயமில்லை.

நான் இந்தக் கடற்கரையில் ஒரு பாங்க் கிளையில் கிளார்க்காக இருக்கிறேன். எந்த பாங்க், எந்த ஊர் என்பது வேண்டாம். ராமநாதபுரத்துக்கும் ராமேஸ்வரத்துக்கும் நடுவில் என்று வைத்துக்கொள்ளலாம். ஆறேழு வருடங்களுக்கு முன்னால், நாட்டுப்படகில் போன ஒருவர் காற்றில் படகு கவிழ்ந்து இறந்துபோனார். உடல் கிடைத்தது. அதனால் காகிதங்கள் தடையில்லாமல் நகர்ந்தன. சில மாதங்களில் அவர் மனைவியின் சேமிப்புக் கணக்கில் 4 லட்சம் ரூபாய் வரவானது. அதே கிளையில் அவர் படகு எஞ்சினுக்காக வாங்கிய கடன் பாக்கி இருந்தது. வட்டியோடு சேர்த்து 1,38,000 ரூபாய். கடன் பத்திரத்தில் அந்தப் பெண்ணும் கூட்டாகக் கைநாட்டு வைத்திருந்தாள். ஆகவே அவள் கணக்கிலிருந்து எடுத்துக் கடனில் வரவு வைக்க பாங்கிற்கு உரிமை உண்டு. மேலேயிருந்து சொன்னார்கள், நான் எண்ட்ரி போட்டேன். ஐந்து நிமிட வேலை.

அவள் மறுவாரம் வந்தாள். பாஸ்புத்தகத்தில் பதிந்து கொடுத்தேன். பக்கத்தில் நின்ற பையனிடம் வாசிக்கச் சொல்லிக் கேட்டாள். சத்தம் போடுவாள் என்று எதிர்பார்த்தேன், போடவில்லை. என்னைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டாள். "சார், கழிச்சிருக்கீகளே, அது எந்தக் காசு? அவுக காசா, ஏங் காசா?"

எனக்குப் பதில் தெரியவில்லை. கடன் பத்திரத்தில் உங்கள் கைநாட்டும் இருக்கிறது என்று சொன்னேன். அது அவள் கேட்ட கேள்விக்குப் பதில் இல்லை என்று இருவருக்கும் தெரிந்தது. மீதிப் பணத்தை டெபாசிட்டாகப் போடச் சொன்னாள். போட்டபிறகு இன்னொன்று கேட்டாள். "அந்தக் காசு வேற காசோட கலக்காமத் தனியாத்தானே இருக்கும்?" இருக்கும் என்று சொல்லிவிட்டேன். பொய். பாங்கில் எந்தக் காசும் தனியாக இருப்பதில்லை. மாடு வாங்கக் கடன் கொடுத்த காசும், மது விற்ற காசும், புருஷன் செத்ததற்கு வந்த காசும் ஒன்றாகத்தான் கிடக்கும். பணத்துக்கு ஞாபகம் கிடையாது என்பதுதான் அதன் சௌகரியம். அவள் ஞாபகமுள்ள பணத்தைக் கேட்டாள்.

அவளுடைய முதல் கேள்வியைச் சட்டம் கேட்காமல் இல்லை. மோட்டார் விபத்து வழக்குகளில் இறந்தவனின் சொத்துக்கு ஏற்பட்ட நஷ்டம் வேறு, அவனை அண்டி வாழ்ந்தவர்களுக்கு ஏற்பட்ட நஷ்டம் வேறு என்று பிரித்துத்தான் கணக்குப் போடுகிறார்கள். முதலாவது அவன் காசு, இரண்டாவது அவள் காசு. அந்தக் கணக்குகளின் விவரம் நம் கவிஞர்கள் படிக்க வேண்டியது. 2009இல் உச்ச நீதிமன்றம் சரளா வர்மா வழக்கில் வகுத்த முறைப்படி, இறந்தவனின் வருமானத்தை எடுத்து, அவன் தனக்காகச் செலவழித்திருக்கக்கூடியதைக் கழிக்க வேண்டும். அண்டியிருப்பவர்கள் இரண்டு மூன்று பேர் என்றால் மூன்றில் ஒரு பங்கு; கல்யாணமாகாதவன் என்றால் பாதி. மிச்சத்தை வயதுக்கு ஏற்ற ஓர் எண்ணால் பெருக்க வேண்டும். அதாவது ஒரு மனிதன் என்பவன் அவன் தின்ற சோற்றைக் கழித்தபின் நிற்கிற பாக்கி. மனைவி துணையை இழந்ததற்குத் தனியாக 40,000 என்று 2017இல் இன்னொரு தீர்ப்பு நிர்ணயித்தது. இதை அபத்தம் என்று சிரிக்கலாம். நானும் சிரித்திருக்கிறேன். ஆனால் இந்தக் கணக்கில் ஒரு மரியாதை இருக்கிறது. யாரோ யாருக்கோ கடன்பட்டிருக்கிறார்கள் என்ற அனுமானத்தில் போடப்படும் கணக்கு இது. எதிரே ஒரு லாரி இருக்கிறது, அதற்கு உரிமையாளன் இருக்கிறான்.

இயற்கைச் சீற்றத்தில் அப்படி யாரும் இல்லை. அங்கே அட்டவணைதான். மத்திய அரசின் பேரிடர் நிவாரண விதிகளில் 2015இலிருந்து இறந்த மனிதருக்கு 4 லட்சம். அதே அட்டவணையைக் கீழே படித்துக்கொண்டு போனால், 2022இல் திருத்தியபடி, கறவை மாட்டுக்கு 37,500, ஆட்டுக்கு 4,000, கோழிக்கு 100, முற்றிலும் அழிந்த படகுக்கு 15,000. கொரோனாவில் இறந்தவர்களுக்கும் இந்த 4 லட்சத்தைக் கேட்டு உச்ச நீதிமன்றம் போனார்கள். 2021இல் 50,000 என்று முடிவானது. சாவு அதிகமானால் தலைக்கு விழும் தொகை குறையும் என்பது பங்கு பிரித்த எவனுக்கும் புரியும் கணக்கு.

இந்த அட்டவணைத் தொகைக்கும், முதலமைச்சர் நிதியிலிருந்து வருகிற தொகைக்கும் நிர்வாக பாஷையில் பெயர் கருணைத்தொகை. பெயரிலேயே விஷயம் இருக்கிறது. நான் கடன்பட்டவன் அல்ல, இரக்கப்பட்டுத் தருகிறேன். கடனாக இருந்தால் எவ்வளவு என்பதில் ஒரு நியாயம் இருக்க வேண்டும். கருணைக்கு அது தேவையில்லை. அதனால்தான் கள்ளக்குறிச்சியில் 2024இல் விஷச் சாராயம் குடித்து இறந்தவர்களின் குடும்பத்துக்கு 10 லட்சம் போயிற்று. சிவகாசிப் பக்கம் பட்டாசு ஆலையில் கருகிப்போனவர்களுக்கு 3 லட்சமும் 4 லட்சமும் போய்க்கொண்டிருக்கின்றன. டீக்கடையில் இதை வைத்துச் செத்தவர்களைத்தான் திட்டுகிறார்கள், குடித்துச் செத்தவனுக்கு இவ்வளவா என்று. தொகையைத் தீர்மானித்த மனோபாவத்தை யாரும் திட்டுவதில்லை.

எங்கள் கடற்கரையிலிருந்து ஒரு ஜோடி எண்களைச் சொல்கிறேன். 2017 மார்ச்சில் தங்கச்சிமடத்து இளைஞர் ஒருவர் கடலில் சுட்டுக்கொல்லப்பட்டார். சுட்டது இலங்கைக் கடற்படை என்று உடன் இருந்தவர்கள் சொன்னார்கள், இலங்கை மறுத்தது. மாநில அரசு குடும்பத்துக்கு 5 லட்சம் அறிவித்தது. 2022இல், இலங்கையில் பிடிபட்டு மீட்க முடியாமல் போன 108 விசைப்படகுகளுக்குத் தலா 5 லட்சமும், 17 நாட்டுப்படகுகளுக்குத் தலா ஒன்றரை லட்சமும் அறிவித்தது. ஆளும் 5 லட்சம், படகும் 5 லட்சம். நண்பர் இதை வைத்து இன்னொரு கவிதை எழுதிவிடுவார் என்று பயமாக இருக்கிறது. எழுதுமுன் ஒன்றைக் கேட்டுக்கொள்ளட்டும். இந்தக் கரையில் மீனைப் பங்கு போடும்போது படகுக்கு ஒரு பங்கு, வலைக்கு ஒரு பங்கு, ஆளுக்கு ஒரு பங்கு என்றுதான் வைக்கிறார்கள். ஆளையும் மரத்தையும் ஒரே மூச்சில் சொல்வது அவர்களுக்கு அவமானமாகப் படுவதில்லை. பங்கு என்பது விலை அல்ல. யார் யாருக்கு எதற்காகத் தருகிறார்கள் என்பது அங்கே எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. 5 லட்சத்தில் அது தெரியவில்லை. சுட்டவன் தரவில்லை, சுட்டதாகவே ஒப்புக்கொள்ளவில்லை. அவனுக்குப் பதிலாக நம் வரிப்பணத்திலிருந்து வந்த 5 லட்சம் அது. எதற்கு ஈடு?

'ஈடு' என்ற சொல்லைக் கொஞ்சம் பார்க்கலாம். இழப்பீடு, நஷ்டஈடு என்று சொல்லும்போது சமம் என்ற அர்த்தத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறோம். பிறகு உயிருக்குச் சமமாக எதுவும் இல்லையே என்று ஆவேசப்படுகிறோம். எங்கள் தொழிலில் இந்தச் சொல்லுக்கு இன்னொரு அர்த்தம்தான் புழக்கத்தில் இருக்கிறது. ஈடு வைப்பது என்றால் அடகு வைப்பது. நகையை ஈடாக வைத்துவிட்டுப் போகிறவள் நகையை விற்றுவிடவில்லை. கடன் இன்னும் நிற்கிறது என்பதற்கு அத்தாட்சிதான் ஈடு. விலை கொடுத்தவுடன் இரண்டு பேருக்கும் நடுவில் ஒன்றும் மிச்சமில்லை, அவரவர் வழியில் போகலாம். ஈடு கொடுத்தால் போக முடியாது; திரும்பி வந்தே ஆகவேண்டும். செத்தவனுக்காகக் கொடுக்கப்படும் பணம் இந்த இரண்டில் எது என்பதுதான் என் கேள்வி. எவ்வளவு என்பது அதற்கு அடுத்த கேள்வி. கருணைத்தொகை ஈடும் இல்லை, ஒழுங்கான விலையும் இல்லை.

போபாலில் 1984 டிசம்பரில் விஷவாயு கசிந்தது. இந்திய அரசு 300 கோடி டாலருக்கு மேல் கேட்டு வழக்குப் போட்டது. 1989 பிப்ரவரியில் 47 கோடி டாலருக்குச் சமரசம் ஆயிற்று. தொகை குறைவு என்பதைத்தான் எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கு அதைவிட மோசமாகப் படுவது, அந்தச் சமரசம் கம்பெனி மேலிருந்த கிரிமினல் வழக்குகளையும் சேர்த்து முடித்துவைத்தது. பணம் வாங்கிக்கொள், கேள்வியைத் திருப்பிக் கொடு. 1991இல் உச்ச நீதிமன்றம் கிரிமினல் வழக்குகளைத் திரும்ப உயிர்ப்பித்தது, தொகையைத் தொடவில்லை. கூடுதல் தொகை கேட்ட மனுவும் 2023 மார்ச்சில் தள்ளுபடியானது. அதாவது பணக் கணக்கு மூடியது மூடியதுதான். 47 கோடியை 300 கோடியாகக் கொடுத்து அதே நிபந்தனையோடு மூடியிருந்தால் நியாயம் என்று சொல்லியிருப்போமா? நான் சொல்லியிருக்க மாட்டேன் என்று நினைக்கிறேன். ஆனால் மூச்சுத் திணறிக்கொண்டு கிடப்பவன் சொல்லியிருப்பான்; அவனைக் குறைசொல்ல எனக்கு யோக்யதை இல்லை.

பணத்தை வெறுக்கிறவர்கள் பணத்துக்கு முன்னால் என்ன இருந்தது என்பதையும் யோசிக்க வேண்டும். திருவாரூரில் கன்றை இழந்த பசுவுக்கு மனுநீதிச் சோழன் கொடுத்தது துல்லியமான சமம். அமைச்சர்கள் பிராயச்சித்தம் செய்யலாம் என்றார்கள். ஏற்காமல் மகனைத் தேர்க்காலில் கிடத்தினான். சிவபெருமான் வந்து கன்றையும் மகனையும் எழுப்பித் தந்திராவிட்டால் அந்தச் சமத்தால் பசுவுக்கு என்ன லாபம் என்று சேக்கிழாரிடம் கேட்க முடியவில்லை. சிலப்பதிகாரத்தில் இன்னும் பயங்கரம். மதுரை எரிந்தபின் கொற்கையிலிருந்த வெற்றிவேற்செழியன் கண்ணகிக்கு ஆயிரம் பொற்கொல்லர்களைப் பலியிட்டான். ஒருவன் செய்த குற்றத்துக்கு ஆயிரம் பேர். இதையும் ஒரு நிவாரணம் என்றே காவியம் சொல்கிறது; நாடு மழை பெற்றதாம். ரத்தத்தை ரத்தத்தால் கழிக்காமல் பொருளால் கழிக்கலாம் என்று மனிதன் கண்டுபிடித்தது சின்ன விஷயம் அல்ல. இந்தச் சீமையிலும் அது இருந்தது. போரில் விழுந்தவனின் வாரிசுக்கு உதிரப்பட்டி என்று நிலம் விட்டிருக்கிறார்கள். பழைய நடுகற்களில் நெய்த்தோர்பட்டி என்று வருவதும் இதுதான். நெய்த்தோர் என்றால் ரத்தம். அந்தப் பெயரில் ஒரு சாமர்த்தியம் இருக்கிறது. வருஷா வருஷம் உழும்போதும் அறுக்கும்போதும் நிலத்தின் பெயரைச் சொல்லியாக வேண்டும். கொடுத்தவனும் மறக்க முடியாது, வாங்கியவனும் மறக்க முடியாது. என் கவுண்டரில் நின்ற பெண் கேட்டது ஏறக்குறைய அதைத்தான்.

பி.ஏ.வில் எங்களுக்கு பெயோவுல்ஃப் பாடம் இருந்தது. நோட்ஸ் வைத்துத்தான் பாஸ் செய்தேன். பிறகு வேலைக்கு வந்தபின் மொழிபெயர்ப்பில் முழுதாகப் படித்தபோது பூதத்தைவிட ஒரு கிளைக்கதை மனதில் நின்றுவிட்டது. ஹ்ரெத்தெல் என்ற அரசன். அவனுடைய மூன்று பிள்ளைகளில் ஒருவன் விட்ட அம்பு தவறி இன்னொருவன்மேல் பாய்ந்து அவன் செத்துப்போகிறான். அந்தச் சமூகத்தில் கொலைக்கு ஆள்விலை உண்டு. கொன்றவன் குடும்பம் செத்தவன் குடும்பத்துக்குக் கொடுக்க வேண்டும். இங்கே இரண்டும் ஒரே குடும்பம். பழிவாங்கவும் முடியாது, விலை வாங்கவும் முடியாது. கிழவன் படுக்கையில் விழுந்து துயரத்திலேயே சாகிறான்.

அரசே காரணமாகிற சாவுகளில் நாம் ஹ்ரெத்தெல் நிலைமையில்தான் இருக்கிறோம். தூத்துக்குடியில் 2018 மே மாதம் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் இறந்தார்கள். குடும்பத்துக்கு 10 லட்சம் என்று அறிவித்து, சில நாட்களில் 20 லட்சமாக உயர்த்தினார்கள். யார் பொறுப்பு என்று சொல்லும் நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை வந்துசேர 4 வருடங்கள் ஆயின. கொடுத்த பணம் யாருடையது? சுட உத்தரவிட்டவர் சம்பளத்திலிருந்து ஒரு பைசா இல்லை. செத்தவனும் தீப்பெட்டி வாங்கும்போதெல்லாம் வரியாகக் கொடுத்த பணம்தான் அவன் வீட்டுக்குத் திரும்பி வந்தது.

இது மனிதன் செய்தது. இயற்கை செய்ததற்கு என்ன சொல்வது என்று கேட்கலாம். 1755இல் லிஸ்பன் நகரம் பூகம்பத்தில் அழிந்தபோது வால்டேர் கடவுளின் நியாயத்தைக் கேள்வி கேட்டுக் கவிதை எழுதினார். மறு வருடம் ரூஸோ அவருக்கு எழுதிய கடிதத்தில், ஆறு ஏழு மாடி வீடுகளை நெருக்கி அங்கே கட்டியது இயற்கை அல்லவே என்று கேட்டார். நம் கவிஞர்கள் வால்டேர் பக்கம். நான் இந்தக் கரையில் பிறந்ததால் ரூஸோ பக்கம் போகவேண்டியிருக்கிறது.

1964 டிசம்பர் 22ஆம் தேதி நள்ளிரவுக்குச் சற்று முன்னால் பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்குக் கிளம்பிய பாசஞ்சர் ரயில் போய்ச்சேரவில்லை. புயலில் எழுந்த கடல் ரயிலோடு கொண்டுபோயிற்று. சிக்னல் விழாததால் டிரைவர் கொஞ்ச நேரம் நிறுத்திவைத்து, விசில் ஊதிவிட்டுத் துணிந்து நகர்த்தினார் என்று எல்லாக் கட்டுரைகளிலும் எழுதுகிறார்கள். ரயிலிலிருந்து யாரும் உயிரோடு திரும்பவில்லை. பிறகு விசில் ஊதியது யாருக்குக் கேட்டது? யாராவது ஒருவர் தீர்மானம் எடுத்திருக்க வேண்டும் என்று மனசு விரும்புகிறது. அந்தத் தீர்மானத்தைச் செத்துப்போன டிரைவர் தலையிலேயே வைத்துவிடுவது எல்லோருக்கும் சௌகரியமாக இருந்திருக்கிறது. காற்றின் வேகத்துக்கு எந்த மந்திரியும் ஜவாப்தாரி அல்ல. அந்த ராத்திரியில் ரயிலைப் பாம்பனிலிருந்து விட்டதற்கு, மணல் திட்டில் ஒரு ஊரையும் துறைமுகத்தையும் வைத்ததற்கு யாரும் இல்லையா? 1956 நவம்பரில் அரியலூரில் வெள்ளம் பாலத்தை அடித்துப்போய் ரயில் கவிழ்ந்தபோது ரயில்வே மந்திரி லால் பகதூர் சாஸ்திரி ராஜினாமா செய்தார். அவர் மழையைப் பெய்விக்கவில்லை. ஆனாலும் தன் பதவியை ஈடாக வைத்தார். ரயில் கடலுக்குள் போன இரவில் அவர்தான் பிரதமர்.

ரயிலில் இருந்தவர்கள் 115 பேர் என்பது கணக்கு. பயணிகள் 110, ஊழியர்கள் 5. டிக்கெட் இல்லாமல் ஏறியவர்கள் அந்தக் கணக்கில் இல்லை; அவர்களையும் சேர்த்தால் 200 வரை இருக்கும் என்கிறார்கள். என் பெரியப்பா, அப்பாவின் அண்ணன், அப்போது 17 வயது. தனுஷ்கோடியில் தலைமன்னார் கப்பலுக்குச் சாமான் தூக்கிக்கொண்டிருந்தார். அன்று ராத்திரி பாம்பனில் ரயிலேறியதைப் பார்த்ததாக ஒருவர் சொன்னார். டிக்கெட் எடுக்கிற வழக்கம் அவருக்குக் கிடையாது. ரயில்வே சட்டத்தில் நஷ்டஈடு கேட்பவர் இறந்தவர் முறையான பயணி என்று காட்ட வேண்டும். டிக்கெட் கையில் இல்லை என்பதாலேயே பயணி இல்லை என்று சொல்லிவிட முடியாது என்று உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது 2018இல். பெரியப்பாவுக்கு 54 வருடம் தாமதம்.

நிவாரணத்துக்குப் பெயர் எழுத வந்தவர்களிடம் அப்பத்தா கைநாட்டு வைக்க மறுத்துவிட்டாள் என்று அப்பா சொல்வார். பணம் வேண்டாம் என்பதல்ல. வீட்டில் அடுப்பெரிந்தது பாதி நாள்தான். கைநாட்டு வைத்தால் மகன் செத்தான் என்று அவளே சொன்னதாக ஆகிவிடும். 7 வருடம் தகவல் இல்லாதவனைச் செத்தவனாக எடுத்துக்கொள்ளலாம் என்கிறது 1872ஆம் வருஷத்துச் சாட்சியச் சட்டத்தின் 108ஆம் பிரிவு. இப்போது புதுச் சட்டம் வந்துவிட்டது, 7 வருடம் மாறவில்லை. அதன்படி பெரியப்பா 1971 டிசம்பரில் செத்தார். அப்பத்தாவுக்கு அது தெரியாது. குடும்பக் கார்டில் அவர் பெயரை அடிக்க அவள் கடைசிவரை விடவில்லை. அவர் தலைக்கு உண்டான சர்க்கரை மாதா மாதம் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தது. அரசாங்கம் நமக்குக் கொடுத்த நஷ்டஈடு அந்தச் சர்க்கரைதான் என்று அப்பா சிரிப்பார். அவர் சிரிப்பது எனக்குப் பிடிக்காது. ஆனால் எனக்கும் சேர்த்து அதில்தான் காப்பி போட்டார்கள்.

கடலில் விழுந்த பாம்பன் பாலத்தின் கர்டர்களைக் கடலடியிலிருந்து தேடி எடுத்து, ஸ்ரீதரன் என்ற இளம் எஞ்சினியர் 46 நாளில் பாலத்தைத் திரும்ப நிறுத்தினார். பாராட்டாக ரயில்வே மந்திரி அவருக்கு 1,000 ரூபாய் பரிசு கொடுத்தார். அவர் மேல் குறை சொல்ல ஒன்றுமில்லை, பாலம் வேண்டியதுதான். இரும்புக்குக் கணக்கு இருந்தது, தேடினார்கள் என்பதை மட்டும் குறித்துவைக்கிறேன்.

2017 நவம்பர் ஒக்கிப் புயலில் குமரிக் கரையில் காணாமல் போனவர்களுக்கு 7 வருடம் காக்கவைக்காமல் 20 லட்சம் கொடுத்தார்கள். நல்ல காரியம். அப்பத்தா அதையும் வாங்கியிருக்க மாட்டாள் என்று முதலில் எழுதினேன், அடித்துவிட்டேன். 20 லட்சத்தின் முன்னால் அவள் என்ன செய்திருப்பாள் என்று எனக்கு எப்படித் தெரியும்? அவளைக் கண்ணகியாக்கிப் பார்ப்பதும் நண்பரின் கவிதை செய்த காரியம்தான்.

அவளிடம் இல்லாமல் போனது உடல். உடல் கையில் இருந்தால் என்ன செய்யலாம் என்பதைத் தங்கச்சிமடத்தில் பார்த்தோம். அந்த இளைஞரின் உடலை அடக்கம் செய்ய நாள்கணக்கில் மறுத்தார்கள். 5 லட்சம் அறிவிக்கப்பட்டபிறகும் ஜனங்கள் பந்தலை விட்டு எழுந்திருக்கவில்லை. சுட்டவர்களைக் கைது செய் என்றார்கள். தூத்துக்குடியிலும் உடல்களை வாங்க மறுத்தார்கள். சாலை விபத்து, போலீஸ் காவல் சாவு, ஆலை விபத்து என்று தமிழ்நாட்டில் எந்த ஆஸ்பத்திரிப் பிணவறை வாசலிலும் இது நடக்கும். பத்திரிகைகள் இதை 'பதற்றம்' என்று எழுதுகின்றன. எனக்கு இது எங்கள் தொழில் சமாசாரமாகப் படுகிறது. ஜனங்கள் பிணத்தை ஈடாகப் பிடித்துவைக்கிறார்கள். உன் கடன் இருக்கிறது, அதை ஒப்புக்கொள்கிறவரை இதை எடுத்துப்போய் மூட மாட்டோம். தாசில்தார் வருவார், பிறகு ஆர்.டி.ஓ. வருவார், தொகை ஏறும், ஒருவருக்கு வேலை என்ற வாக்குறுதி வரும். எங்கோ ஓரிடத்தில் பேச்சு முடியும். பிணம் மீட்கப்படும். அத்துடன் பிடி போய்விடும். உப்புக்காற்றில் பிணத்தை அதிக நாள் வைத்திருக்க முடியாது என்பது அரசாங்கத்துக்கும் தெரியும். அவசரமில்லாமல் பேசுவது அதனால்தான்.

சரி, யார் மேலும் குற்றமில்லாத சாவு என்று ஒன்று இருந்தால்? ரூஸோவே வந்து தேடினாலும் ஒரு மனிதக் கை அகப்படாத இடியும் மின்னலும்? அங்கே கடனாளி இல்லையென்றால் கருணைதான் மிச்சம் என்று ஆகிவிடாதா? இங்கே எனக்கு மொய் நோட்டு ஞாபகம் வருகிறது. பரமக்குடிப் பக்கம், முதுகுளத்தூர்ப் பக்கம் போனால் கல்யாணம், காதுகுத்து, சில ஊர்களில் கருமாதிக்குக்கூட மொய் எழுதுகிறார்கள். மொய் வைக்கிறவன் தர்மம் செய்யவில்லை. வாங்குகிறவன் கூசுவதும் இல்லை. பெயர், ஊர், தொகை எல்லாம் நோட்டில் ஏறுகிறது. நாளை என் வீட்டில் என்றால் நீ வரவேண்டும். எங்கள் லெட்ஜரைவிட அந்த நோட்டு ஒழுங்காக இருப்பதைப் பார்த்திருக்கிறேன். 2004 டிசம்பரில் சுனாமி வந்தபோது இலங்கை குறுக்கே நின்றதால் எங்கள் கரை பெரும்பாலும் தப்பித்தது, நாகப்பட்டினம் தப்பிக்கவில்லை. நான் அப்போது பள்ளிக்கூடத்தில் இருந்தேன். எங்கள் தெருவில் அரிசி வசூலித்தபோது அப்பத்தா, இருந்த இரண்டு படியில் ஒரு படியை அளந்து போட்டுவிட்டு, "நமக்கு அறுபத்துநாலுல அங்கயிருந்து வந்துச்சு" என்றாள். வந்ததா என்று அப்பாவைக் கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. வந்ததாக அவள் நோட்டில் இருந்தது.

அரசாங்கம் கொடுக்கிற 4 லட்சம் அந்த மாதிரி நோட்டில் ஏறினால் எனக்கு ஆட்சேபம் இல்லை. அது ஏறுகிற நோட்டில் கொடுத்தவன் பெயர் மட்டும்தான் இருக்கிறது. கொடுத்த அன்று போட்டோவும் இருக்கிறது.

சென்ற மாதம் அந்தப் பெண் வந்தாள். டெபாசிட் முதிர்ந்திருந்தது. திரும்பப் போடச் சொன்னாள். வட்டியை மட்டும் எடுத்துக்கொண்டாள். பாரத்தை நான்தான் நிரப்பினேன். அந்த 1,38,000ஐப் பற்றி இப்போது அவள் கேட்பதில்லை. கழித்த எண்ட்ரியைப் போட்டது நான்தான் என்று அவளுக்குத் தெரியாது. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனா என்று வீட்டுக்கு வரும் வழியில் யோசித்தேன். வவுச்சர் இன்னும் ரிக்கார்டு அறையில் இருக்கிறது, என் இனிஷியலோடு. பழைய வவுச்சர்களை இத்தனை வருடம் வைத்திருந்து பிறகு அழித்துவிடலாம் என்று விதி இருக்கிறது. இதற்கு இன்னும் மூன்று நான்கு வருடம் பாக்கி.